இஸ்னாதும் மத்னும்: ‘மாயா’ இசைத்தொகுப்பும் அதன் திறனாய்வாளர்களும்

ஹிஜ்ரி 3ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வாழ்ந்த அரபு மொழியறிஞர் இப்னுல் அஃராபியைப் பற்றி ஒரு செய்தி உண்டு. ஒருவர் அவருக்கு ஒரு கவிதையை வாசித்துக் காட்டினார். அது பழங்கவிஞர் ஒருவருடையது என்றே அவர் எண்ணியிருந்தார். கேட்டு மகிழ்ந்தார், தமக்காக அதை எழுதித் தருமாறும் பணித்தார். எழுதி முடித்த பின்னர்தான் அது தம் காலத்துக் கவிஞரான அபூதம்மாம் இயற்றியது என்று அவருக்குத் தெரியவந்தது. உடனே அதைக் கிழித்தெறியச் சொன்னார். கவிதையில் ஓர் எழுத்துகூட மாறியிருக்கவில்லை. கவிஞரின் பெயர் மட்டுமே மாறியிருந்தது. அபூதம்மாமின் வாழ்வையும் கவிதையையும் பற்றி அஸ்ஸூலி (மறைவு: ஹிஜ்ரி 335) எழுதிய நூல்வழி நமக்குக் கிடைக்கும் இச்செய்தி, திறனாய்வாளர் எவரும் அவ்வப்போது நினைவிற் கொள்ள வேண்டிய ஒன்றாகும்.

இதனை இங்கே எடுத்துரைக்கக் காரணம், 2010ஆம் ஆண்டு ஜூலையில் வெளியான ஓர் ஆங்கில இசைத்தொகுப்பாகும். அதன் பெயர் ‘மாயா’. அதனை ஆக்கியவர் எம்.ஐ.ஏ. என்னும் புனைபெயரால் உலகறியப்பட்ட மாதங்கி மாயா அருள்பிரகாசம் என்ற ஈழத் தமிழ்ப் பெண்மணி. ஹிப்ஹாப் என்னும் இசைவகையில் துணிச்சலான சோதனை முயற்சியாக அமைந்த அத்தொகுப்பு மேலை நாட்டுத் திறனாய்வாளர்களிடம் பெற்ற வரவேற்பு, இப்னுல் அஃராபியின் தீர்ப்பைப் பலவிதத்திலும் ஒத்திருந்தது. அத்தீர்ப்பை மறு ஆய்வு செய்வதும், அதனூடாகத் திறனாய்வின் அளவுகோல்கள் குறித்துச் சிந்திப்பதுமே இக்கட்டுரையின் நோக்கம்.

அரபுக் கல்லூரி ஆசிரியருக்கும் ஹிப்ஹாப்புக்கும் என்ன தொடர்பு என்று வாசகர்கள் வினவக்கூடும். நாம் வாழும் படப்பையில், வண்டலூர் – வாலாஜாபாத் சாலை வழியே ஒரகடம் தொழிற்சாலைகளுக்குச் செல்லும் இளைஞர்களின் காதுகளில் இன்று ஒலிப்பவற்றுள் ராப் பாடல்களும் உண்டு. நம்மிடம் பயிலும் மாணவர்களும் அவற்றை அறியாதவர்கள் அல்லர். அது கவிதையா, வெறும் கூச்சலா என்று அவர்கள் கேட்கும்போது, கேட்டறியாமலே விடை கூறுவது ஆசிரியப் பணிக்கு அழகன்று.

இசையின் மார்க்கச் சட்டநிலை குறித்த நெடிய விவாதம் இங்கே நமது பொருளன்று. இமாம் கஸ்ஸாலி (ரஹ்) தமது ‘இஹ்யா’வில் செவியேற்றலின் ஒழுங்குகளுக்கெனத் தனிப் பகுதியே ஒதுக்கியுள்ளார்கள். கடுமையாக மறுத்த அறிஞர்களும் நிபந்தனைகளோடு இடமளித்த அறிஞர்களும் நம் மரபில் இருக்கிறார்கள். நாம் இங்கே எடுத்துக்கொள்வது சொற்கலையை. கவிதையும் ஒருவகைப் பேச்சே. அதில் நல்லது நல்லதே, தீயது தீயதே என்னும் இமாம் ஷாஃபிஈ (ரஹ்) அவர்களின் நிலைப்பாடு நமக்குப் போதிய இடம் தருகிறது.

ஹிப்ஹாப்பும் அரபுக் கவிதை மரபும்

நியூயார்க் நகரின் பிராங்க்ஸ் பகுதியில், 1973 ஆகஸ்ட் 11 அன்று கூல் ஹெர்க் என்ற ஜமைக்கா நாட்டு இளைஞர் இசைத்தட்டுகளைச் சுழற்றி நடத்திய விருந்தே ஹிப்ஹாப்பின் தொடக்கம் எனப் பொதுவாகக் கொள்ளப்படுகிறது. தாளத்திற்கேற்ப எதுகை இயைபுடன் விரைந்து பேசுவது ராப். இருவர் எதிரெதிர் நின்று ஒருவரையொருவர் சொல்லால் வீழ்த்த முயலும் போட்டியும் அதில் உண்டு. இது நமக்கு முற்றிலும் அந்நியமானதன்று. உமய்யாக்களின் ஆட்சிக் காலத்தில் பஸ்ரா நகரின் மிர்பத் சந்தையில் ஜரீரும் ஃபரஸ்தக்கும் பல்லாண்டுகள் நிகழ்த்திய ‘நகாயிள்’ என்னும் வசைக்கவிப் போர் இத்தகையதே. எதிரி எடுத்தாண்ட அதே யாப்பிலும் அதே இயைபிலும் விடை கூறவேண்டும் என்பது அதன் விதி. அதில் வசை இருந்தது, குலப்பெருமை இருந்தது, வரம்பு மீறலும் இருந்தது. எனினும் இலக்கணவாணர்கள் தம் மேற்கோள்களுக்கு அக்கவிதைகளையே நாடினார்கள்.

ஹிப்ஹாப்பின் மற்றொரு கூறு ‘சாம்பிளிங்’ எனப்படுவது. முன்னோர் பதிவு செய்த இசையிலிருந்து ஒரு துண்டை வெட்டியெடுத்து, அதன்மீது புதிய பாடலைக் கட்டுவது இம்முறை. இது திருட்டா, கலையா என்ற சர்ச்சை அங்கே இன்றும் நடைபெறுகிறது. அரபுத் திறனாய்வு இவ்வினாவை ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே விரிவாக ஆராய்ந்துள்ளது. பிறருடைய வரியைத் தன் கவிதையில் வெளிப்படையாகப் பதித்து வைப்பது ‘தள்மீன்’; மறைவாக எடுத்துத் தனதாக்கிக்கொள்வது ‘சரிக்கா’, அதாவது களவு. இரண்டிற்கும் இடையே பல படிநிலைகளை நம் அறிஞர்கள் வகுத்தார்கள். எடுத்தவன் அதற்குப் புதுப்பொருள் தந்தானா என்பது அவர்கள் முக்கியமாகக் கேட்ட கேள்விகளுள் ஒன்று. பழங்கவிதைகளைத் தேர்ந்து ‘ஹமாஸா’ என்னும் திரட்டைத் தந்த அதே அபூதம்மாம்தான், தம் சொந்தக் கவிதையில் எவரும் அறியாத புதுமைகளைச் செய்து பழைமைவாதிகளின் கோபத்துக்கு ஆளானார் என்பதும் இவ்விடத்தில் கருதத்தக்கது.

மாதங்கியும் அவர்தம் தொகுப்புகளும்

மாதங்கி 1975இல் லண்டனில் பிறந்தார். கைக்குழந்தையாகவே யாழ்ப்பாணத்துக்குக் கொண்டு செல்லப்பட்டார். தந்தை அருள்பிரகாசம், ‘அருளர்’ என்ற இயக்கப் பெயரால் அறியப்பட்டவர்; ஈரோஸ் அமைப்பை நிறுவியவர்களுள் ஒருவர். ‘லங்கா ராணி’ என்னும் தமிழ் நாவலின் ஆசிரியரும் அவரே. போர்ச்சூழலில் குடும்பம் சென்னையில் சில காலம் வறுமையில் வாழ்ந்து, 1986இல் அகதிகளாக லண்டன் சென்றது.

அவருடைய முதல் தொகுப்பு ‘அருளர்’ 2005இல் வந்தது. அதற்குத் தந்தையின் பெயர். 2007இல் வந்த இரண்டாவது தொகுப்புக்குத் தாயின் பெயரான ‘கலா’. அமெரிக்க விசா தாமதப்பட்டதால் அவர் இந்தியா, டிரினிடாட், லைபீரியா எனப் பல நாடுகளில் அலைந்து அதனைப் பதிவு செய்தார். அவ்வாறு வந்தபோது சென்னையில், ஏ.ஆர். ரஹ்மானின் ஒலிப்பதிவுக்கூடத்தைப் பயன்படுத்திக்கொண்டார். நம் கோயில் திருவிழாக்களிலும் சாவு வீடுகளிலும் முழங்கும் உறுமி மேளத்தை அத்தொகுப்பின் வழியே நியூயார்க்கும் லண்டனும் கேட்டன. அமெரிக்காவின் ‘ரோலிங் ஸ்டோன்’ இதழ் ‘கலா’வை அவ்வாண்டின் தலைசிறந்த இசைத்தொகுப்பு என அறிவித்தது. அதில் இடம்பெற்ற ‘பேப்பர் பிளேன்ஸ்’ பாடல், விசாவுக்காக வரிசையில் நிற்கும் புலம்பெயர்ந்தோர் மீது படரும் ஐயத்தை எள்ளி நகையாடுவது. பின்னர் ‘ஸ்லம்டாக் மில்லியனர்’ திரைப்படத்தில் அது இடம்பெற்றது. அப்படத்துக்காக அவரும் ரஹ்மானும் இணைந்து ஆக்கிய பாடல் ஆஸ்கர் பரிந்துரையும் பெற்றது.

மூன்றாவது தொகுப்புக்கு அவர் தம் பெயரையே சூட்டினார். அட்டையில் அப்பெயர் எழுத்துகளாக இன்றிச் சாய்கோடுகளால் வரையப்பட்டிருந்தது. யூடியூபில் காணொளியின் கீழே ஓடும் பட்டைகள் பல அடுக்காக அவருடைய முகத்தை மூடியிருக்க, கண்கள் மட்டுமே புலப்பட்டன. தமிழில் மாயை என்பதற்கும் மாயா என்பதற்கும் உள்ள உறவை அறிந்தவர்க்கு, இணையத்தின் மாயையே தொகுப்பின் பொருள் என்பது அட்டையிலேயே விளங்கும்.

உள்ளேயும் அவ்வாறே. துளையிடும் இயந்திரத்தின் இரைச்சல், அறுபட்டு ஒலிக்கும் குரல், செவியைக் குத்தும் மின்னொலி என 12 பாடல்களும் கேட்போரைச் சோதிக்கின்றன. நியூயார்க்கின் ‘சூயிசைட்’ என்ற இருவர் குழு 1977இல் பதிவு செய்த ஒரு பாடலின் துண்டைக் கொண்டு ‘பார்ன் ஃப்ரீ’ கட்டப்பட்டுள்ளது. நெதர்லாந்துக் குழு ஒன்று 1982இல் பாடிய மென்மையான பாடலொன்றும் மறுவடிவில் இடம்பெற்றுள்ளது. முந்தைய இரு தொகுப்புகளின் ஆடத்தக்க தாளத்தை எதிர்பார்த்து வந்தவர்களுக்கு இது ஏமாற்றமாக இருந்ததில் வியப்பில்லை.

வரவேற்பு

திறனாய்வாளர்கள் வழங்கும் மதிப்பெண்களைத் திரட்டிச் சராசரி காணும் ‘மெட்டாகிரிட்டிக்’ அமைப்பில் ‘கலா’ 100க்கு 87 பெற்றிருந்தது. ‘மாயா’ 68 பெற்றது. இளைஞரிடையே செல்வாக்குள்ள ‘பிட்ச்ஃபோர்க்’ 10க்கு 4.4 மட்டுமே அளித்தது. மூத்த திறனாய்வாளர் ராபர்ட் கிறிஸ்ட்காவ் போன்ற சிலர் இதனை உயர்வாக மதித்தார்கள் என்பதையும் கூறவேண்டும். எனினும் பொதுவான தொனி ஏமாற்றமும் எரிச்சலுமாகவே இருந்தது.

அந்த எரிச்சல் எங்கிருந்து வந்தது என்று பார்க்கவேண்டும். தொகுப்பு வெளிவருவதற்குச் சில வாரங்கள் முன்பு, 2010 மே மாத இறுதியில், ‘நியூயார்க் டைம்ஸ்’ நாளிதழின் வார இதழில் மாதங்கியைப் பற்றி நீண்ட கட்டுரையொன்று வெளியாயிற்று. புரட்சி பேசும் இப்பெண் செல்வச் செழிப்பில் வாழ்பவர் என்பதே அதன் உட்பொருள். விலையுயர்ந்த காளான் மணமூட்டிய உருளைக்கிழங்கு வறுவலை உண்டபடியே அவர் அரசியல் பேசினார் என்ற காட்சி பேசுபொருளாயிற்று. அவ்வறுவலை வரவழைப்பதில் செய்தியாளரின் பங்கு என்ன என்பதைக் காட்டும் ஒலிப்பதிவை மாதங்கி வெளியிட்டார். செய்தியாளரின் தொலைபேசி எண்ணையும் பொதுவில் பகிர்ந்தார். பின்னது பண்பற்ற செயல் என்பதில் ஐயமில்லை. வெவ்வேறு தருணங்களில் அவர் கூறிய சொற்கள் ஒரே மேற்கோளாக இணைக்கப்பட்டிருந்ததைப் பின்னர் நாளிதழே குறிப்பு வெளியிட்டு ஒப்புக்கொண்டது. ஆனால் அதற்குள் வறுவல் கதை உலகைச் சுற்றி வந்துவிட்டது. ஜூலையில் தொகுப்பு வெளியானபோது, அதன் மதிப்புரைகள் பலவற்றிலும் அந்தக் கட்டுரையின் நிழல் விழுந்திருந்தது. இவர் உண்மையானவரா, இவருக்கு இதைச் சொல்லும் தகுதி உண்டா என்ற கேள்விகளே முன்னின்றன.

இரண்டு அளவுகோல்கள்

நம் மரபின் சொற்களில் கூறுவதானால், அவர்கள் இஸ்னாதை ஆய்ந்தார்கள், மத்னைப் படிக்கவில்லை. இஸ்னாத் என்பது அறிவிப்பாளர் தொடர். மத்ன் என்பது அறிவிக்கப்பட்ட வாசகம். ஹதீஸ் கலையில் அறிவிப்பாளரின் நேர்மையும் நினைவாற்றலும் நுணுகி ஆராயப்படுகின்றன. அதற்குத் தக்க காரணம் உண்டு: அவர் தம் சொல்லைக் கூறவில்லை, முஹம்மது நபி (ஸல்) அவர்கள் கூறியதாக ஒன்றை அறிவிக்கிறார். அங்கே அறிவிப்பாளர் பொய்யர் எனில் செய்தியே சரிந்துவிடும். கவிதை அத்தகையதன்று. கவிஞர் தீயவராயினும் உவமை நல்லதாக இருக்கலாம். கவிஞர் தூயவராயினும் செய்யுள் சிதைந்ததாக இருக்கலாம்.

ஆயின் ஒன்றை ஏற்கவேண்டும். ‘மாயா’ வெறும் கவிதையாக மட்டும் நிற்கவில்லை. சில இடங்களில் அது சாட்சியமாகவும் பேசுகிறது. சாட்சி கூறுபவரின் நம்பகத்தன்மையை ஆராய்வது முறையே. ஆனால் அவ்வாராய்ச்சிக்கும் விதிகள் உண்டு. அறிவிப்பாளர் ஒருவரிடம் பலவீனம் கண்ட ஹதீஸ் கலை அறிஞர், அதே செய்தி வேறு வழிகளில் வந்துள்ளதா என்று தேடுவார். அவ்வாறு வலுச்சேர்க்கும் செய்திகளுக்கு ‘ஷவாஹித்’ என்று பெயர். 2010ஆம் ஆண்டின் திறனாய்வாளர்கள் ஷவாஹிதைத் தேடவில்லை. சாட்சி எதைத் தின்றார் என்பதையே விசாரித்தார்கள்.

அவர்கள் தேடாவிட்டாலும் அச்சான்றுகள் தாமாகவே வந்து சேர்ந்தன. தொகுப்பின் முதல் பாடல் ஒரு நிமிடமும் நீடிக்காத சிறு பாயிரம். உடலின் எலும்புகள் ஒன்றோடொன்று பிணைந்திருப்பதைக் கூறும் பழைய அமெரிக்க ஆன்மிகப் பாடலொன்றின் பாணியில், கையிலுள்ள தொலைபேசி இணையத்தோடும், இணையம் கூகுளோடும், கூகுள் அரசாங்கத்தோடும் இணைந்திருப்பதாக அது அடுக்கிச் செல்கிறது. அன்று இது வீண் சந்தேகம் என்று ஒதுக்கப்பட்டது. 2013 ஜூனில் எட்வர்ட் ஸ்னோடன் வெளிப்படுத்திய ஆவணங்கள், கூகுள் உள்ளிட்ட நிறுவனங்களிடமிருந்து அமெரிக்க உளவு அமைப்பு தகவல் திரட்டும் திட்டத்தை உலகுக்குக் காட்டின. அதன் பின்னர்ச் சிலர் இத்தொகுப்பை மீண்டும் எடுத்துக் கேட்டார்கள்.

ஈழம் பற்றியும் அவ்வாறே. 2009இல் போரின் இறுதி மாதங்களில் பொதுமக்கள் பெருந்தொகையாகக் கொல்லப்படுவதாக மாதங்கி அமெரிக்கத் தொலைக்காட்சிகளில் கூறியபோது, பாப் பாடகியின் மிகைக்கூற்று என்று அது கருதப்பட்டது. 2010 ஏப்ரலில் வெளியான ‘பார்ன் ஃப்ரீ’ காணொளியில், செந்நிற முடி கொண்டவர்களை ஆயுதப்படையினர் வேட்டையாடுகிறார்கள். ஒரு சிறுவன் சுட்டுக் கொல்லப்படுகிறான். மிதமிஞ்சிய வன்முறை எனக் கண்டனம் எழுந்தது. யூடியூப் அதனைக் கட்டுப்படுத்தியது. மறு ஆண்டு, 2011இல், ஐ.நா. பொதுச்செயலாளர் நியமித்த வல்லுநர் குழு, இறுதிக்கட்டப் போரில் 40,000 பேர் வரை பொதுமக்கள் இறந்திருக்கக்கூடும் என்று அறிக்கை அளித்தது.

இதனால் மாதங்கி கூறியவை யாவும் சரி என்று ஆகிவிடாது. அவர் விட்டுவைத்தவையும் உண்டு. 1990 ஆகஸ்ட் 3 அன்று காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டிருந்த நூற்றுக்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்டதையும், அதே ஆண்டு அக்டோபரில் யாழ்ப்பாணம் உள்ளிட்ட வட மாகாணத்திலிருந்து 70,000க்கும் மேற்பட்ட முஸ்லிம்கள் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டதையும் தமிழ் முஸ்லிம்களாகிய நாம் மறக்க இயலாது. யாழ்ப்பாணத்தின் துயரை உலகறியச் செய்த இக்கலைஞரின் இந்தத் தொகுப்பில் அந்த யாழ்ப்பாணத்தாரைப் பற்றிய பாடல் ஏதுமில்லை. அவர் சிறுமியாக 1986லேயே லண்டன் சேர்ந்துவிட்டார் என்பது உண்மை. ஆயினும் சாட்சியம் முழுமையானதன்று என்று பதிவு செய்வது நம் கடமை. மேலைத் திறனாய்வாளர்கள் எழுப்பியிருக்க வேண்டிய வினாக்களுள் இதுவும் ஒன்று. வறுவலைப் பற்றிக் கேட்டவர்களுள் இதனைக் கேட்டவரை நாம் காணவில்லை.

ஒரு சிலேடை

முஸ்லிம் வாசகருக்கு இத்தொகுப்பில் மிகவும் உறுத்தலான பாடல் ‘லவ்அலாட்’. 2010 மார்ச் 29 அன்று மாஸ்கோ சுரங்க ரயில் நிலையங்களில் நிகழ்ந்த இரு குண்டுவெடிப்புகளில் 40 பேர் இறந்தனர். குண்டு கட்டி வந்தவர்களுள் ஒருவர், கணவன் கொல்லப்பட்டு விதவையான 17 வயது தாகெஸ்தான் பெண். கணவனோடு துப்பாக்கி ஏந்தி அவள் நிற்கும் நிழற்படம் உலக ஏடுகளில் வெளியாயிற்று. அப்படமே இப்பாடலுக்குத் தூண்டுதல். மிகவும் நேசிக்கிறேன் என்று பொருள்படும் ஆங்கிலத் தொடரின் இறுதி ‘ட்’ ஒலியை லண்டன் தெருப்பேச்சில் விழுங்கிவிடுவார்கள். அவ்வாறு விழுங்கும்போது அத்தொடர், அல்லாஹ்வை நேசிக்கிறேன் என்பதுபோல் கேட்கிறது. பாடல் முழுவதும் இச்சிலேடையின் மீதே நிற்கிறது.

இதனை நாம் அவசரப்பட்டு நிந்தனை என்று ஒதுக்கவும் வேண்டாம். புரட்சி என்று கொண்டாடவும் வேண்டாம். முதலில் மத்னைப் படிப்போம். தஜ்வீத் கலை அறிந்தவர்க்குத் தெரியும்: அகர, உகர ஒலிகளின் பின் வரும்போது அல்லாஹ் என்னும் திருநாமத்தின் லாம் தடித்து ஒலிக்கவேண்டும். அரபு நாவில் இச்சிலேடை பிறக்கவே முடியாது. அது அஞ்சி நிற்கும் ஓர் ஆங்கிலச் செவிக்குள் மட்டுமே பிறக்கிறது. நேசம் பேசுபவளின் வாயிலிருந்து பயங்கரத்தைக் கேட்டுவிடும் செவியையே பாடல் சோதிக்கிறது என்று கொண்டால், அது கூர்மையான உத்தி. பல்பொருள் தரும் சொல்லால் கேட்பவரை வேறு திசைக்கு இழுக்கும் ‘தவ்ரியா’ என்னும் அணியை நம் அணியிலக்கணம் நன்கறியும். விமான நிலையங்களில் தம் பெயரைச் சொன்ன மாத்திரத்தில் எதிரில் இருப்பவரின் முகம் மாறக் கண்ட நம்மவர்களுக்கு இச்சோதனையின் பொருள் எளிதில் விளங்கும்.

ஆனால் அவ்வுத்தி எடுத்த சுமையைத் தாங்கவில்லை. செவியின் அச்சத்தைக் கேலி செய்ய வேண்டுமாயின், அஞ்சத் தேவையற்ற ஒருத்தியின் வாயில் அச்சொல்லை வைத்திருக்க வேண்டும். பயணிகளைக் கொன்றவளின் வாயில் வைத்ததனால், எந்த அச்சத்தை எள்ளப் புறப்பட்டதோ அதற்கே பாடல் சான்று தந்துவிடுகிறது. அன்று ரயிலில் இருந்தவர்களுக்குப் பாடலில் குரல் இல்லை. அப்பெண்ணும் ஒரு நிழற்படமாகவே எஞ்சுகிறாள். அநியாயமாக ஓருயிரைக் கொல்வது மனித குலம் முழுவதையும் கொல்வதற்கு ஒப்பாகும் என்னும் மாயிதா அத்தியாயத்தின் 32ஆம் வசனக் கருத்தை ஏற்றவர்க்கு இக்குறை சிறியதன்று. இது ஆக்கியவரின் வாழ்க்கை முறை பற்றிய குறையும் அன்று. பாடலின் கட்டமைப்பிலேயே உள்ள குறை. பாடலைக் கேட்டதனாலேயே நாம் இதனைக் கூறமுடிகிறது.

நடுநிலை என்பது

அரபுக் கவிஞர் முதனப்பியின் (கொலையுண்டது: ஹிஜ்ரி 354) செருக்கும், இளமையில் அவர் நபித்துவம் கோரினார் என்ற பழியும் அவருடைய கவிதையை மதிப்பிடுவதற்கு இடையூறாக நின்றன. ஆட்சியாளர்களை அண்டிப் பொருள் தேடியவர் என்ற குற்றச்சாட்டும் இருந்தது. ஒருசாரார் அவரைத் தொழாக் குறையாகப் புகழ்ந்தனர். மறுசாரார் அவருடைய பிழைகளைத் திரட்டி நூல்கள் எழுதினர். அப்போது ரய் நகரின் காழியாக விளங்கிய அலீ இப்னு அப்துல் அஸீஸ் அல்ஜுர்ஜானி (மறைவு: ஹிஜ்ரி 392) ‘அல்வஸாத்தா’ என்னும் நூலை எழுதினார். முதனப்பிக்கும் அவருடைய எதிரிகளுக்கும் இடையே நடுவராக நிற்பது என்பது அதன் பெயரிலேயே அமைந்த பொருள். கவிஞரின் சமய நிலைப்பாடு கவிதையின் தரத்தை அளக்கும் கோல் ஆகாது என்று இந்தக் காழி தெளிவாக நிறுவினார். எல்லாரும் போற்றும் பழங்கவிஞர்களிடமும் பிழைகள் உள்ளன. சில பிழைகளுக்காக அவர்களை நாம் கைவிடவில்லையே என்றும் நினைவூட்டினார். அதே வேளையில் முதனப்பியின் வழுக்களை அவர் மறைக்கவும் இல்லை.

இம்முறையில் ‘மாயா’வை அளந்தால் நாம் வந்தடையும் முடிவு இதுவே. முதல் பாடலும் ‘பார்ன் ஃப்ரீ’யும் நிற்கின்றன. இயந்திர இரைச்சலைக் கொண்டே இயந்திரங்களால் சூழப்பட்ட வாழ்வைக் கேட்கச் செய்த முயற்சியும் நிற்கிறது. பொருளுக்கு ஏற்ற வடிவமே நல்ல வடிவம் என்னும் கோட்பாட்டின்படி அவ்விரைச்சல் குறையாகாது. விளங்கும்படி ஏன் பாடக்கூடாது என்று கேட்டவரிடம், பாடுவதை விளங்கிக்கொள்ள ஏன் முயலக்கூடாது என்று அபூதம்மாம் திருப்பிக் கேட்டதாகக் கூறப்படும் விடையை இங்கே மாதங்கிக்கும் கடனாகத் தரலாம். மறுபுறம், மதுவின் பெயரை வைத்து ஆறு நிமிடங்களுக்கு மேல் நீளும் ‘டெக்கில்லா’ பொருள் வறட்சியை ஒலிப்பெருக்கத்தால் மூடுகிறது. ‘மெட்ஸ் அண்ட் ஃபெட்ஸ்’ ஒரு முழக்கத்தைத் திரும்பத் திரும்ப ஒலிப்பதோடு நின்றுவிடுகிறது. ‘லவ்அலாட்’ தன் உத்தியிலேயே இடறி விழுகிறது. ஏற்ற இறக்கம் மிகுந்த தொகுப்பு இது, எனினும் 4.4 என்ற எண்ணுக்குரியதன்று.

ஆளை வைத்து ஆக்கத்தை அளப்பதில் மற்றொரு நடைமுறைச் சிக்கலும் உண்டு. ஆள் மாறிக்கொண்டே இருப்பார். ‘மாயா’வுக்குப் பின்னர் மாதங்கியின் கருத்துகள் பல திருப்பங்களைக் கண்டன. 2022இல், ஏசுவின் காட்சி கண்டு தாம் கிறிஸ்தவ நம்பிக்கைக்கு வந்ததாக அவர் அறிவித்தார். அன்று அவருடைய அரசியலுக்காகத் தொகுப்பை மெச்சியவர்களும் அதே அரசியலுக்காகத் தூற்றியவர்களும் இன்று தம் தீர்ப்புகளைத் திருத்தி எழுத வேண்டியவர்களாகிறார்கள். தொகுப்பு மட்டும் 2010 ஜூலையில் இருந்தபடியே இருக்கிறது.

இன்று தமிழிலேயே ராப் பாடும் இளைஞர்கள் பெருகியுள்ளனர். ‘தி காஸ்ட்லெஸ் கலெக்டிவ்’ குழு கானாவையும் ராப்பையும் இணைத்துச் சாதியத்தைக் கேள்வி கேட்டது. நாளை நம் மஹல்லா ஒன்றிலிருந்தும் இத்தகைய குரல் எழலாம். அப்போது நம் முதற்கேள்வி எதுவாக இருக்கும்? இவன் யார் மகன், எந்த ஜமாஅத், ஐவேளையும் தொழுபவனா என்று தொடங்குவோமாயின், நாமும் வறுவலைப் பற்றியே விசாரிக்கிறோம் என்று பொருள். அவனுடைய தொழுகை குறித்து அவனிடம் அன்போடு பேசுவதற்கு வேறு இடமும் வேளையும் உள்ளன. அவன் பாடல் நம் முன் வைக்கப்படும்போது கேட்கவேண்டியது, அவன் என்ன சொன்னான், எப்படிச் சொன்னான், சொன்னது உண்மையா என்பதையே. அவ்வாறு கேட்டபின் கண்டிக்க வேண்டியதைக் கண்டிப்பதற்கும் நமக்கு உரிமை உண்டு.

‘அல்வஸாத்தா’வின் ஆசிரியர் தொழிலால் நீதிபதி. இரு தரப்பையும் கேளாமல் தீர்ப்பு எழுதுவது அவர் அறியாத வழக்கம். இப்னுல் அஃராபியோ மாபெரும் மொழியறிஞர். அவருடைய செவி தவறு செய்யவில்லை. கவிதை நல்லது என்று அது சரியாகவே சொல்லியிருந்தது. பெயரைக் கேட்ட பிறகு, தம் செவியை அவர் நம்ப மறுத்தார்.